ஈப்பனை மூழ்கடிக்காதீர்கள்

பத்தில்சிறை வீடு,
நெடுந்துருத்து.
9 ஜனவரி 1984

அன்புள்ள சௌதாமினி டீச்சருக்கு,

பத்தில்சிறை ஏலியாம்மா எழுதுவது. உடம்புக்குக் குறை ஒன்றும் இல்லை. நீங்கள் பள்ளிக்கூட வேலைக்கு வந்து குடியிருந்த பக்கத்து அறை அப்படியேதான் இருக்கிறது. மூலையில் ஒழுகுவதும் அப்படியேதான். இப்போது அதில் தேங்காய் போட்டு வைத்திருக்கிறேன். நீங்கள் வருவதாக இருந்தால் தேங்காயை வெளியே எடுத்துவிடுவேன்.

நம்முடைய ஆள் போன கர்க்கிடக மாத மழையில் போய்ச் சேர்ந்தபோது நீங்கள் அனுப்பிய தந்தி கிடைத்தது. பதில் போடவில்லை என்று வருத்தப்படக் கூடாது. நான் நாலாம் வகுப்போடு நின்றவள். எழுத உட்கார்ந்தால் கை வலிக்கும். அப்போது மனதும் வலித்துக்கொண்டிருந்தது. இரண்டு வலியை ஒரே நேரத்தில் பார்க்க முடியவில்லை, விட்டுவிட்டேன்.

இப்போது எழுதுவது ஈப்பனுக்காக.

ஓணம் முடிந்து ஒரு வெள்ளிக்கிழமை, பத்திரிகைக் கட்டு போட்டில் வந்து இறங்கியதும், நம் வாசகசாலைச் செயலாளர் கிருபாகரன் கால்வாய்க்கு அந்தப் பக்கம் நின்று கத்தினான்.

"ஏலிச்சேடத்தி! நம்ம டீச்சரோட தொடர்கதை வந்திருக்கு! வாத்து மேய்க்கிற ஒருத்தன் வர்றான்!"

வாத்து மேய்க்கிறவன் என்றதுமே எனக்குப் புரிந்துவிட்டது. இந்தக் கரையில் வாத்து வைத்திருந்தது நாங்கள் மட்டும்தான். என் ஆளின் உலகன்னான் என்ற பெயரை ஈப்பன் என்று மாற்றியிருக்கிறீர்கள். மீசையும் வைத்திருக்கிறீர்கள். அவருக்கு மீசை கிடையாது, கஞ்சி ஒட்டும் என்று வைக்க மாட்டார். போகட்டும், கதை என்றால் கொஞ்சம் அலங்காரம் வேண்டும்தானே.

அடக்கத்தன்று கல்லறை ஓரத்தில் கோயில் பாதிரியார், நம் அச்சன், பேசினார். "நல்ல மனிதர். அன்பான கணவர். எல்லோருக்கும் உதவியவர்." அதற்கு முந்தின மாதம் என் தோழி சாராம்மாவின் மாமனாரை அடக்கியபோதும் ஒரு சொல் மாறாமல் இதையேதான் சொன்னார். அந்தக் கிழவர் எப்படிப்பட்டவர் என்று உங்களுக்கே தெரியும், உங்கள் குடையை எடுத்துப்போய்த் தன் குடை என்று சத்தியம் செய்தவர். அன்றிலிருந்து எனக்கு ஒரு பயம். என் ஆள் எப்படி இருந்தார் என்று ஒருவர்கூடச் சொல்லாமலே அவரை மண்ணுக்குள் வைத்துவிட்டோமே என்று. இப்போது வாராவாரம் ஈப்பன் வருகிறான். சாப்பிடுகிறான், சண்டை போடுகிறான், வாத்துகளை விரட்டுகிறான். எழுத்துக்கூட்டி வாசித்து முடிக்க எனக்கு ஞாயிற்றுக்கிழமை ஆகிவிடும். அது வரைக்கும் வீட்டில் ஆள் இருக்கிறது.

ஒரு குறை உண்டு. ஈப்பனின் பெண்டாட்டி மரியா. அது நான் என்றால் எனக்குக் கோபம் வரும் டீச்சர். இத்தனை வாரம் ஆகியும் அந்தப் பொம்பளை வாயைத் திறக்கவில்லை. போன வாரம் ஒற்றைத் தடிப் பாலத்தில் பாதியில் நின்று தண்ணீரைப் பார்க்கிறாள். தண்ணீரில் என்ன இருக்கிறது பார்க்க? எனக்கு அந்தப் பாலம் என்றாலே கால் நடுங்கும், ஓடிக் கடக்கத்தான் பார்ப்பேன். நான் அப்படி மரக்கட்டையாக என்றைக்கு நின்றேன்?

இன்னொன்று. வாசகசாலையில் அடுத்த மாதம் கூட்டம் வைக்கிறார்கள். உங்கள் கதையில் வரும் ஒவ்வொருவரைப் பற்றியும் ஒருவர் எழுந்து பேச வேண்டுமாம். பத்திரிகை வரத் தாமதமானால் அதிகமாகத் திட்டுகிறவள் நான்தான் என்று ஈப்பனை என்னிடம் கொடுத்துவிட்டான் கிருபாகரன். கதையில் வரும் ஆளைப் பற்றி எப்படிப் பேசுவது? எனக்கு ஒன்றும் தெரியாது. சொல்லித்தர வேண்டும்.

போன வாரம் கடைசிப் பக்கத்தில் "ஈப்பன் பிழைப்பானா?" என்று கொட்டை எழுத்தில் போட்டிருந்தது. பிழைப்பான் அல்லவா?

அன்புடன்,
ஏலியாம்மா

---

ஒற்றப்பாலம்,
16 ஜனவரி 1984

பிரியமுள்ள ஏலிச்சேடத்திக்கு,

கடிதத்தைப் பள்ளிக்கூடத்தில் வைத்தே பிரித்து வாசித்துவிட்டேன். என் குடையை ஞாபகப்படுத்தியிருக்கிறீர்கள். இன்னும் அதற்கு எனக்கு ஆறவில்லை.

உலகன்னான் சேட்டன் இல்லாத அந்த வீட்டை நினைத்துப் பார்க்க முடியவில்லை. வந்து உங்களைப் பார்த்திருக்க வேண்டும். விடுமுறை கிடைக்கவில்லை என்று சொல்வது பொய். வரத் தைரியம் இல்லை.

கூட்டத்தில் பேசுவதற்குக் கேட்டீர்கள். முதலில், நல்லவன், கெட்டவன் என்று ஆரம்பிக்காதீர்கள். அச்சன் செய்த தப்பு அதுதான். தீர்ப்பை எடுத்துக்கொண்டு வந்துவிட்டார், சாட்சியை வீட்டில் விட்டுவிட்டார். ஈப்பன் என்ன செய்கிறான் என்று பாருங்கள், முக்கியமாக யாரும் பார்க்காதபோது. எப்படிப் பேசுகிறான், யாரிடம் பேசும்போது குரல் மாறுகிறது, எந்த இடத்தில் பேச்சு நின்றுபோகிறது. மற்றவர்கள் அவனைப் பற்றிச் சொல்வதையும் எடுத்துக்கொள்ளலாம், ஆனால் சொல்கிற ஆள் எப்படிப்பட்டவர் என்று பார்த்துத்தான் எடுக்க வேண்டும். அவனுக்கு என்ன வேண்டும், எது குறுக்கே நிற்கிறது என்று யோசியுங்கள். சொல்வது ஒன்றும் செய்வது ஒன்றுமாக எங்காவது இருந்தால் அந்த இடத்தை விடாதீர்கள். மனிதன் அங்கேதான் கையில் மாட்டுவான். என்ன சொன்னாலும் கதையிலிருந்து ஒரு இடத்தைக் காட்டிச் சொல்லுங்கள். இவ்வளவுதான். இதற்கு மேல் எனக்கும் தெரியாது.

ஈப்பன் யார், மரியா யார் என்று என்னிடம் கேட்கக் கூடாது. எழுதுகிறவர்கள் அதைச் சொல்வதில்லை.

அடுத்த விஷயத்தை எழுதத்தான் கை வரவில்லை. பத்திரிகை ஆசிரியர் ஈப்பனை முடித்துவிடச் சொல்கிறார். வெள்ளத்தில் வாத்துகளைக் காப்பாற்றக் குதித்து மூழ்கிப்போக வேண்டுமாம். ஈஸ்டர் சமயத்தில் ஒரு சாவு இருந்தால் பத்திரிகை நன்றாக ஓடும் என்கிறார். நான் மறுத்தால் அவர் ஆபீசில் கதை முடிப்பதற்கென்றே ஒருவர் இருக்கிறார், அவரிடம் போய்விடும். அவர் போன வருடம் ஒரு கதையில் கல்யாண வீட்டு ஆட்கள் எல்லோரையும் ஒரே படகில் ஏற்றிக் கவிழ்த்தார். அவர் கையில் சிக்கினால் மரியாவும் மிஞ்ச மாட்டாள்.

உங்கள்,
சௌதாமினி

---

நெடுந்துருத்து,
24 ஜனவரி 1984

டீச்சருக்கு,

ஈப்பனை மூழ்கடிக்காதீர்கள்.

வேறு எதுவும் எழுதாமல் இதை மட்டும் எழுதித் தபாலில் போடலாம் என்று இருந்தேன். காகிதம் வீணாகும் என்றுதான் மிச்சத்தையும் எழுதுகிறேன்.

வாத்துகளைக் காப்பாற்ற அவன் எதற்குத் தண்ணீரில் குதிக்கிறான்? வாத்துக்கு நீச்சல் தெரியும் டீச்சர். ஈப்பனுக்குத்தான் தெரியாது, நாலாவது வாரத்தில் நீங்களே எழுதியிருக்கிறீர்கள். நியாயமாகப் பார்த்தால் வாத்துகள்தான் அவனைக் காப்பாற்ற வேண்டும். வெள்ளம் வந்தால் ஈப்பன் கரையில் நின்று வாத்தையும் வெள்ளத்தையும் அரசாங்கத்தையும் திட்டுவான். குதிக்க மாட்டான். உங்கள் ஆசிரியர் வாத்தைப் பார்த்திருக்கிறாரா, இல்லை தட்டில்தான் பார்த்திருக்கிறாரா?

நீங்கள் சொன்னபடி சாட்சி தேடிக்கொண்டிருக்கிறேன். பழைய பத்திரிகை எல்லாவற்றையும் கிருபாகரனிடம் வாங்கி வந்துவிட்டேன். கொடுக்க மாட்டேன் என்றான், அப்புறம் கொடுத்தான்.

பிரசங்கம் நீண்டுபோன ஞாயிற்றுக்கிழமை ஈப்பன் கோயில் நடுவில் எழுந்து, "அச்சோ, அடுப்புல மீன் இருக்கு, கொஞ்சம் சுருக்குங்க" என்கிறான். மீன்காரனோடு தினமும் சண்டை. தங்கை கல்யாணத்தில் கண்ணில் ஒரு சொட்டு இல்லை, விருந்து முடிந்து வாத்துக் கொட்டிலுக்குப் பின்னால் போய் ஏங்கி ஏங்கி அழுகிறான். இவ்வளவும் எடுத்து வைத்திருக்கிறேன்.

உண்மையைச் சொல்கிறேன். அவர் இப்படியெல்லாம் செய்து நான் பார்த்ததில்லை. கோயிலில் அவர் தூணோரம் கண்ணை மூடிக்கொண்டு உட்காருவார், ஜெபமா தூக்கமா என்று கர்த்தருக்குத்தான் தெரியும். மீன்காரனிடம் பேசியே பார்த்ததில்லை. முதலில் குழப்பமாக இருந்தது. பிறகு உங்கள் கடிதத்தை எடுத்து வாசித்தேன். யாரும் பார்க்காதபோது செய்வதைப் பார் என்று எழுதியிருக்கிறீர்களே. அதுதான் விஷயம். நான் பார்க்காதபோது செய்திருக்கிறார்! நீங்கள் பலகைச் சுவருக்கு அந்தப் பக்கம் இருந்து பார்த்திருக்கிறீர்கள். இத்தனை வருடம் கூட இருந்து எனக்குத் தெரியாத ஒரு ஆள் அவருக்குள் இருந்திருக்கிறார். அதனால்தான் சொல்கிறேன், இப்போதுதான் அவரைத் தெரிந்துகொள்ள ஆரம்பித்திருக்கிறேன். பாதியில் கொண்டுபோகாதீர்கள். ஒரு தடவை கொண்டுபோனது போதும்.

ஆசிரியருக்கு ஒரு சாவு வேண்டுமென்றால் கதையில் அந்தத் தரகர் இருக்கிறாரே, அவரைக் கொடுங்கள். யாரும் ஒன்றும் கேட்க மாட்டார்கள்.

ஏலியாம்மா

---

ஒற்றப்பாலம்,
1 பிப்ரவரி 1984

பிரியமுள்ள சேடத்திக்கு,

தரகரைக் கொடுத்துப் பார்த்தேன். ஆசிரியர் வாங்க மாட்டேன் என்கிறார். "தரகன் செத்தா யாரும்மா அழுவா?" என்று போனில் கேட்டார். வாத்து நீந்தும் என்று சொன்னேன். ஆபீசில் யாரையோ கேட்டுப் பார்த்தார். அப்புறம், "அப்படின்னா வாத்து வேண்டாம், வெள்ளத்தை மட்டும் வைச்சுக்குங்க" என்றார். இப்போது ஈப்பன் தோணி எடுத்துக்கொண்டு போய்த் திரும்பி வராமல் போகிறான். என் கையால் எழுதி வைத்திருக்கிறேன். இன்னும் அனுப்பவில்லை. காய்ச்சல் என்று சொல்லியிருக்கிறேன்.

காய்ச்சலை எவ்வளவு நாள் நீட்ட முடியும் என்று தெரியவில்லை. நீங்கள் கூட்டத்தில் பேசிவிட்டு என்ன நடந்தது என்று எழுதுங்கள். அதுவரை தபாலில் போட மாட்டேன். இது சத்தியம்.

மரியாவை இன்னும் ஒரு தடவை வாசித்துப் பார்க்கிறீர்களா? கோபப்படாமல்.

சௌதாமினி

---

நெடுந்துருத்து,
13 பிப்ரவரி 1984

சௌதாமினி டீச்சர் அறிவது,

கூட்டம் முடிந்தது. என் மானமும் முடிந்தது.

நல்ல கூட்டம். பெஞ்சு போதாமல் ஆட்கள் தோணியில் உட்கார்ந்தே கேட்டார்கள். நான் கோயிலுக்குப் போகிற வெள்ளைச் சட்டையும் முண்டும் தோய்த்துப் போட்டுக்கொண்டு, எழுதி எடுத்துப்போன காகிதத்தை வைத்துக்கொண்டு நின்றேன். நல்லவன் என்று ஆரம்பிக்கவில்லை. நீங்கள் சொன்னபடி சாட்சிதான் முதலில். "ஈப்பன் கோயில் நடுவே எழுந்து நின்று அச்சனைப் பிரசங்கத்தைச் சுருக்கச் சொன்னான்" என்றேன். சிரித்தார்கள். கதையை ரசித்துச் சிரிக்கிறார்கள் என்று எனக்கு உற்சாகம் வந்துவிட்டது. "மீனின் செதிளைப் பார்த்தே ஈப்பன் முந்தாநாள் மீன் என்று சொல்லிவிடுவான், மீன்காரன் கூடையைத் தூக்கி வரப்பில் வீசுவான்" என்றேன். இன்னும் சிரித்தார்கள். முன் பெஞ்சில் மீன்காரன் குஞ்ஞூஞ்ஞு துண்டை வாயில் அடைத்துக்கொண்டு குலுங்கினான்.

நான் நிறுத்தினேன். "என்னடா சிரிப்பு? செத்துப்போன மனுஷனப் பத்திப் பேசிக்கிட்டு இருக்கேன். இது எங்க வீட்டுக்காரரு."

கிருபாகரன் மெதுவாக எழுந்தான். அவன் மெதுவாக எழுந்து நான் பார்த்ததே இல்லை. "சேடத்தி, தப்பா நினைக்கக் கூடாது. உலகன்னான் சேட்டன் எப்ப அச்சன எதிர்த்துப் பேசினாரு?"

"நான் பாக்காதப்ப."

"சேடத்தி, கோயில்ல ஊரே இருந்துச்சு."

பின்னாலிருந்து சாராம்மா. அவளுக்கு எப்போதும் பின்னாலிருந்துதான் பேச வரும். "எழுந்து நின்னது நீதானேடீ ஏலி! பெந்தக்கோஸ்து ஞாயித்துக்கிழமை! நான் பக்கத்துல இருந்துக்கிட்டு, இவளத் தெரியாதுங்கற மாதிரி முக்காட்ட இழுத்து மூடிக்கிட்டேன்!"

"எங்கூடைய வீசினது யாரு சேடத்தி, ஈப்பனா?" என்றான் குஞ்ஞூஞ்ஞு. "போன வியாழக்கிழமகூட வீசினீங்களே. அப்ப ஈப்பன் எங்க இருந்தான்?"

"நாத்தனார் கல்யாணத்துல கொட்டிலுக்குப் பின்னாடி யாரு அழுதது?" என்று சாராம்மா விடவில்லை. "மூக்கச் சிந்தி என் புதுப் புடவையில தொடச்சது யாரு?"

அப்புறம் அந்த இடத்தில் கோர்ட்டு நடந்தது டீச்சர். ஆளாளுக்கு எழுந்து ஈப்பன் செய்ததைச் சொல்வதும், நான் செய்த நாள் கிழமையைச் சொல்வதும். படகுத் துறையில் கண்டக்டரைத் தள்ளியது, ஓட்டுக் கேட்டு வந்தவனிடம் வாத்தைப் பிடிக்கச் சொன்னது, எல்லாம் நான்தானாம். நான் மறந்தே போயிருந்தேன். கடைசியில் கிருபாகரன், "கதாபாத்திரத்த நேர்லயே கூட்டிட்டு வந்து பேச வைச்ச ஒரே வாசகசாலை நம்முடையதுதான்" என்று நன்றி சொல்லிக் கூட்டத்தை முடித்தான். கை தட்டினார்கள்.

எனக்கு மீசை வைத்து ஆண்பிள்ளையாக்கிப் பத்திரிகையில் போட்டுவிட்டீர்கள். இரண்டு வருடம் கருமீன் பொரித்துப் போட்டதற்கு இதுதான் பலன்.

மீசையை மன்னித்துவிடுவேன். நான் கேட்பது வேறு. ஈப்பன் நான் என்றால், என் ஆள் எங்கே? வெள்ளிக்கிழமைதோறும் வந்துகொண்டிருந்தவர் யார்? நான் அவரோடு உட்கார்ந்திருக்கிறேன் என்று நினைத்து என்னோடே உட்கார்ந்திருந்திருக்கிறேன். வீட்டுக்கு வந்தபோது அடக்கம் முடிந்து வந்த அன்றைக்கு மாதிரியே இருந்தது.

ஈப்பனை என்ன வேண்டுமானாலும் செய்துகொள்ளுங்கள். பதில் போட வேண்டாம்.

ஏலியாம்மா

---

ஒற்றப்பாலம்,
18 பிப்ரவரி 1984

பிரியமுள்ள ஏலிச்சேடத்திக்கு,

போட வேண்டாம் என்றீர்கள். போடுகிறேன். கிழித்துப் போடுவதாக இருந்தாலும் வாசித்துவிட்டுக் கிழியுங்கள்.

ஆமாம், ஈப்பன் நீங்கள்தான். முதலில் பெண்ணாகத்தான் எழுதி அனுப்பினேன். ஆசிரியர் திருப்பி அனுப்பினார். அச்சனோடும் மீன்காரனோடும் மல்லுக்கு நிற்கிற பெண்ணை வாசகர்கள் கதாநாயகியாக ஏற்க மாட்டார்களாம். மீசை வைத்து மறுபடி அனுப்பினேன். "அடடா, என்ன மனுஷன்!" என்று பதில் வந்தது.

உலகன்னான் சேட்டன் கதையில் இருக்கிறார், முதல் வாரத்திலிருந்து இருக்கிறார். நீங்கள் அவரைத் திட்டிக்கொண்டே இருந்தீர்கள். அவர்தான் மரியா.

சொன்னால் போதாது, சாட்சி வேண்டும். மரியா தடிப்பாலத்தில் பாதியில் நின்று தண்ணீரைப் பார்க்கிறாள் என்று கோபப்பட்டீர்கள். சேட்டன் முன்னால் போய் அப்படித்தான் நிற்பார். நீங்கள் பயத்தில் அவர் தோளைப் பிடித்துக்கொண்டு, "என்னத்தப் பாக்குறீங்க, நகருங்க" என்று அதட்டிக்கொண்டே அவர் பின்னாலேயே பாலத்தைக் கடப்பீர்கள். தோள் கைக்கு எட்டட்டும் என்றுதான் நின்றார். தண்ணீரில் ஒன்றும் இல்லை. நான் எத்தனையோ தடவை பின்னால் நின்று பார்த்திருக்கிறேன்.

ஒன்பதாவது வாரம் மரியா மீன்காரன் பின்னால் ஓடுகிறாள் அல்லவா? அது நிஜமாக நடந்த அன்றைக்கு நான் பள்ளிக்கூடம் போகிற வழியில் வளைவில் இருந்தேன். நீங்கள் கூடையை வீசிய பிறகு சேட்டன் குஞ்ஞூஞ்ஞுவை அங்கே நிறுத்தி, "நாளைக்கும் வந்துரு. அவ யார்கிட்டயாவது கத்தலேன்னா அவளுக்குச் சோறு எறங்காது" என்றார். அவர் அவ்வளவு நீளமாகப் பேசி நான் கேட்டது அந்த ஒரு தடவைதான். கதையில் மரியாவுக்கு அந்தப் பேச்சைக்கூட நான் கொடுக்கவில்லை, சும்மா கையைப் பிடித்து நிறுத்துவதாகத்தான் எழுதினேன். கொடுத்திருந்தால் நீங்கள் அடையாளம் கண்டிருப்பீர்களோ என்னவோ.

பேசுகிற ஆளை எழுதுவது சுலபம். பேசாத ஆளை எழுதினால் மரக்கட்டை என்று பெயர் வருகிறது.

என் காய்ச்சல் பொய் இனி எடுபடாது. ஆசிரியர் இங்கே ஆள் அனுப்புவதாக எழுதியிருக்கிறார். ஈப்பனை வைத்திருக்கவா, விடவா? நீங்கள் சொல்வதைச் செய்கிறேன். வைத்திருக்கச் சொன்னால் அவரோடு சண்டை போட்டுப் பார்க்கிறேன். எப்படிப் போடுவது என்று உங்கள் வீட்டில் இரண்டு வருடம் கற்றிருக்கிறேன்.

சௌதாமினி

---

நெடுந்துருத்து,
27 பிப்ரவரி 1984

டீச்சருக்கு,

கடிதத்தைக் கிழிக்கவில்லை.

பழைய பத்திரிகைகளை எல்லாம் மறுபடி முதலிலிருந்து வாசித்தேன், மரியா வருகிற இடம் மட்டும். சீக்கிரம் வாசித்துவிடலாம் என்று நினைத்தேன், அவளுக்குத்தான் பேச்சே இல்லையே. ஆனால் அதற்குத்தான் அதிக நேரம் ஆனது. ஒரு இடத்தில் ஈப்பன் கத்திக்கொண்டே இருக்கிறான், மரியா எழுந்து போய்ப் பானையில் தண்ணீர் ஊற்றி வைக்கிறாள் என்று ஒரு வரி. முன்பு அதைத் தாண்டிப் போயிருந்தேன். கத்தி முடித்தால் தாகம் எடுக்கும் என்று ஊற்றி வைத்திருக்கிறார் டீச்சர். நான் கத்தி முடித்து வந்து எத்தனை நாள் அந்தத் தண்ணீரைக் குடித்திருக்கிறேன். பானையில் தண்ணீர் இருக்கிறது, இருக்கும்தானே, என்று குடித்திருக்கிறேன்.

நேற்றுக் குஞ்ஞூஞ்ஞுவைக் கூப்பிட்டு விசாரித்தேன்.

"அவரு உங்கிட்ட நாளைக்கு வான்னு சொல்வாராடா?"

"எப்பவும் சொல்வாரு சேடத்தி. இல்லேன்னா நான் எதுக்கு இந்தக் கரைப் பக்கம் வர்றேன்? எனக்கு என்ன பைத்தியமா?"

"இப்பத்தான் சொல்ல ஆள் இல்லையே. அப்புறம் ஏன் வர்ற?"

அவன் மீனை எடுத்து வைத்தான். முந்தாநாள் மீன். நான் வாங்கி வைத்துக்கொண்டேன். பயந்துபோய், "உடம்பு சரியில்லையா சேடத்தி?" என்று கேட்டுவிட்டுப் போனான்.

கேட்டதற்குப் பதில். ஈப்பனை விட்டுவிடுங்கள். மூழ்கட்டும்.

மூழ்கடிக்காதீர்கள் என்று எழுதியதும் நான்தான், தெரியும். அப்போது அது அவர் என்று நினைத்தேன். இரண்டு பேர் இருந்தால் ஒருவர் முந்தித்தான் போக வேண்டும். நிஜத்தில் அவர் போனார். கதையில் நான் போகிறேன். மரியா இருக்கட்டும். அந்தக் கதை முடிக்கிற ஆள் கையில் மட்டும் கொடுத்துவிடாதீர்கள், மரியாவைத் தோணியில் ஏற்றிவிடுவான்.

எனக்கு ஒன்று தெரிய வேண்டும். நான் முந்திப் போயிருந்தால் அவர் எப்படி இருந்திருப்பார்? சத்தம் ஒழிந்தது, இனி நிம்மதியாகத் தூணில் சாய்ந்து கட்டன்காப்பி குடிக்கலாம் என்று இருந்திருப்பாரோ? அப்படித்தான் என்றால் அப்படியே எழுதுங்கள், எனக்காக இனிப்பு சேர்க்க வேண்டாம். எனக்குத் தெரியவில்லை டீச்சர். இத்தனை வருடத்தில் ஒரு நாளும் அவரிடம் அதைக் கேட்கவில்லை, கேட்டாலும் அவர் பதில் சொல்லியிருக்கப் போவதில்லை. நீங்கள் சுவருக்கு அந்தப் பக்கம் இருந்தவர். நீங்கள்தான் எழுத வேண்டும்.

ஏலியாம்மா

---

ஒற்றப்பாலம்,
5 மார்ச் 1984

சேடத்திக்கு,

எழுதி அனுப்பிவிட்டேன். நானேதான் எழுதினேன். இனிப்பு சேர்க்கவில்லை. ஈஸ்டருக்கு அடுத்த வெள்ளிக்கிழமை வரும்.

சௌதாமினி

---

நெடுந்துருத்து,
2 மே 1984

அன்புள்ள டீச்சருக்கு,

வெள்ளிக்கிழமை பத்திரிகை வந்தது. ஈப்பன் போய்விட்டான். எனக்கு வாசிக்க ஞாயிறு ஆகும் என்று உங்களுக்குத் தெரியும். ஆனால் ஊர் வெள்ளிக்கிழமை சாயங்காலமே வாசித்துவிட்டது. சனிக்கிழமை காலையில் கதவைத் திறந்தால் படியில் ஆட்கள்.

துக்கம் கேட்க வந்திருக்கிறார்கள் டீச்சர், என்னிடம், நான் செத்ததற்கு.

கிருபாகரன் வாசகசாலையைப் பூட்டிக் கறுப்புத் துணி கட்டிவிட்டு வந்தான். குஞ்ஞூஞ்ஞு மீன் கொண்டுவரவில்லை, அது மரியாதை இல்லை என்று வெறும் கூடையோடு வந்து நின்றான். சாராம்மா அவள் வீட்டிலிருந்தே அழுதுகொண்டு வந்தாள். நான் அடுப்பு மூட்டி எல்லோருக்கும் கட்டன்காப்பி போட்டேன். என் துக்கத்துக்கு நானே காப்பி போட்டேன். சர்க்கரை போதவில்லை என்று சாராம்மா குறை வேறு சொன்னாள்.

கிருபாகரன் எழுந்து பேசினான். "ஈப்பன் வாய் நீளம். அவன்கிட்ட மாட்டாத ஆள் இந்தக் கரையில கிடையாது. ஆனா வெள்ளம் வந்தப்ப எங்க வீட்டு வாசல்ல முதல்ல கேட்டது அவன் சத்தந்தான். 'செத்துட்டீங்களாடா, இல்ல இன்னும் தூங்குறீங்களா'ன்னு." அவன் வீட்டு வாசலில் அப்படிக் கேட்டது நான்தான். அவன் என்னைப் பார்க்காமல் கூரையைப் பார்த்துக்கொண்டு பேசினான். நான் கதவுக்குப் பின்னால் நின்று கேட்டேன். அச்சனும் வந்திருந்தார். இந்தத் தடவை அவர் ஒன்றும் பேசவில்லை, காப்பி மட்டும் குடித்தார்.

எல்லோரும் போன பிறகு உட்கார்ந்தேன். ஞாயிறு கழிந்து திங்களில்தான் முடித்தேன்.

தோணி மட்டும் திரும்பி வருகிறது. மரியா அழவில்லை. காப்பி குடித்துக்கொண்டு நிம்மதியாகவும் உட்காரவில்லை. சாயங்காலம் வாத்துகள் வயலை விட்டு ஏறி வர மாட்டேன் என்கின்றன. தினமும் ஈப்பன் கத்திக் கூப்பிடும் சத்தம் கேட்டுத்தான் அவை கொட்டிலுக்கு வரும். மரியா வரப்பில் நிற்கிறாள். கையைத் தட்டிப் பார்க்கிறாள். கம்பை ஆட்டிப் பார்க்கிறாள். வாத்துகள் தண்ணீரிலேயே மிதந்துகொண்டு இவளைப் பார்க்கின்றன. இருட்டிக்கொண்டு வருகிறது. அப்போதுதான் அவள் வாயைத் திறக்கிறாள். கதை முழுக்க ஒரு சொல் பேசாதவள் முதன்முதலாகச் சொல்வது, ஈப்பன் வாத்துகளைத் திட்டும் அந்தக் கெட்ட வார்த்தை. குரல் வராமல், பாதி உடைந்து. இரண்டாவது தடவை கொஞ்சம் சத்தமாக. மூன்றாவது தடவை வாத்துகள் ஒன்றன் பின் ஒன்றாகக் கரையேறி வருகின்றன. கொட்டிலை மூடிய பிறகும் அவள் நிறுத்தவில்லை. வயல் காலியாகக் கிடக்கிறது, அவள் நின்று அந்த ஒரு வார்த்தையைச் சொல்லிக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறாள்.

அந்த வார்த்தையை உங்கள் ஆசிரியர் அச்சில் விட்டது ஆச்சரியம்.

சாராம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். புடவையை வாயில் வைத்துக்கொண்டு அழுதாள். "ஏன்டீ, உனக்கு ஒரு சொட்டுத் தண்ணி வரலையா?" என்று என்னைக் கேட்டாள்.

நான் போனதற்கு அவர் அங்கே நின்று அப்படிக் கூப்பிட்டுக்கொண்டிருக்கிறார். நானும் அழுதால் அவரை யார் பார்த்துக்கொள்வது?

உங்கள்,
ஏலியாம்மா